பரிசீலித்தால் போதும்

பிப்ரவரி 6

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கு நான் சுகம். முழு உண்மை வேண்டுமென்றால், இடது காதில் மட்டும் லேசான இரைச்சல். வலது காது சுகம். உன் முட்டி எப்படி இருக்கிறது? உன் மகளும் மாப்பிள்ளையும் நலம்தானே?

பஸ் நிறுத்தத்தை மாற்றிவிட்ட செய்தி உங்கள் ஊர் பஸ் நிலையத்திலும் ஒட்டியிருந்ததாக எழுதியிருந்தாய். உண்மைதான். எங்கள் தெருமுனை மெத்தைக்கடை வாசலில் இருந்த நிறுத்தம் இப்போது நெடுஞ்சாலைக்கு அந்தப் பக்கம் போய்விட்டது. அங்கே இறங்கினால் நடைமேம்பாலம் ஏறிக் கடந்துதான் எங்கள் தெருவுக்கு வர முடியும். நான் நான்கு முறை நடந்து பார்த்தேன். சராசரி அறுநூற்று நாற்பது அடி. பாலத்தில் ஏறுவதற்கு நாற்பத்து நான்கு படி, இறங்குவதற்கு நாற்பத்து மூன்று. ஒரு படி எங்கே குறைகிறது என்று தெரியவில்லை. மறுபடி எண்ண வேண்டும்.

கடிதத்தின் கடைசியில், "இனிமேல் அங்கே வருவதென்றால் பாலம் ஏறி நடக்க வேண்டும் போல" என்று எழுதியிருந்தாய். படித்தேன்.

போக்குவரத்து அலுவலகத்துக்கு ஒரு புகார் மனு அனுப்பியிருக்கிறேன். பொதுமக்களின் சிரமத்தைக் கருதி, நிறுத்தத்தைப் பழைய இடத்தில் வைப்பது பற்றிப் பரிசீலிக்கும்படி கேட்டிருக்கிறேன். நான்கு முறை திருத்தி எழுதினேன். முப்பத்திரண்டு வருடம் அச்சகத்தில் உட்கார்ந்து அடுத்தவர் எழுத்துக்கு மெய்ப்புப் பார்த்தவன், சொந்தமாக ஒரு பக்கம் எழுதுவதற்குள் வியர்த்துவிட்டது.

தேவைப்பட்டால் கார் ஏற்பாடு செய்யலாம். உன் வசதியைப் பார்த்து, இந்தப் பக்கம் வருவது பற்றி யோசிக்கவும்.

அன்புடன்,
தம்பி


பிப்ரவரி 15

அன்புத் தம்பிக்கு அக்கா எழுதுவது.

எல்லோரும் நலம். முட்டி இருக்கிற இடத்திலேயே இருக்கிறது. காது இரைச்சலுக்கு டாக்டரிடம் போ. போனால் "ஒன்றுமில்லை டாக்டர், சும்மா பார்த்துவிட்டுப் போகலாம் என்று வந்தேன்" என்று சொல்லிவிட்டுத் திரும்பாதே. நாற்பது வருடம் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தவள் நான். உன்னைப் போல எத்தனை பேரைக் கையைப் பிடித்து உள்ளே தள்ளியிருப்பேன்!

இரண்டு கேள்வி கேட்கிறேன். பதில் எழுது. போனில் கேட்டால் "ம்" என்பாய், அதைத் தாண்டி ஒரு சொல் வராது. அதனால்தான் இந்த வயதில் தபால்காரரைப் பிழைக்க வைத்துக்கொண்டிருக்கிறேன்.

ஒன்று. நீ பஸ்ஸில் ஏறி எந்தத் தேசத்துக்குப் போகிறாய்? பேப்பர் கடைக்கு நடை, பூங்காவுக்கு நடை, நூலகத்துக்கு நடை. உனக்கு எதற்கு பஸ் ஸ்டாப்?

இரண்டு. "தேவைப்பட்டால் கார் ஏற்பாடு செய்யலாம்." யாருக்குத் தேவைப்பட்டால்?

ஒரு பாலத்தைத் தாண்டக் கார் பிடிக்கிற வம்சமா நாம்? வேண்டாம்.

வேளைக்குச் சாப்பிடு.

அக்கா


மார்ச் 29

அன்புள்ள அக்காவுக்கு,

சுகம். காது டாக்டரைப் பார்த்தேன். ஒன்றுமில்லை என்று அவராகவே சொன்னார். நான் எதுவும் சொல்லிக் கொடுக்கவில்லை.

பதில் எழுதத் தாமதம். போக்குவரத்து அலுவலகத்திலிருந்து பதில் வரட்டும் என்று காத்திருந்தேன். மூன்று நினைவூட்டுக் கடிதங்களுக்குப் பிறகு வந்தது: "தங்கள் மனு பெறப்பட்டது." அவ்வளவுதான். எழுத்துப்பிழை இல்லை. பாராட்ட வேண்டியதுதான்.

கீழ்வீட்டு வக்கீலம்மாவைப் பற்றி எழுதியிருக்கிறேன் அல்லவா? காலையில் ஒரு கையில் டிபன் டப்பா, ஒரு கையில் வழக்குக் கட்டு, வாயில் சீப்பு என்று ஓடுவாரே, அவர்தான். மாடிப்படியில் அந்தக் காகிதத்தைப் பார்த்துவிட்டு நின்றுவிட்டார்.

"இதெல்லாம் ஒரு பதிலா சார்? கோர்ட்டுக்குப் போயிடலாம்."

"கோர்ட்டா? அந்த அளவுக்கு ஒண்ணும் இல்லீங்களே..."

"எந்த அளவு வந்தா போவீங்க? ஸ்டாப்ப பக்கத்து ஊருக்குக் கொண்டுபோனா போவீங்களா?"

அவருக்கு 'இல்லை' சொல்ல எனக்குத் தெரியவில்லை. அதனால் வழக்கு போட்டாயிற்று. மனு எழுதும்போது எதைக் கேட்பது என்பதில்தான் சின்னச் சிக்கல். "நிறுத்தத்தைத் திரும்ப வைக்க உத்தரவிட வேண்டும்" என்று எழுதினார். கொஞ்சம் கடுமையாகப் பட்டது. "பரிசீலிச்சா போதும்னு போடலாமா?" என்றேன். பேனாவை மூடிவிட்டு என்னையே பார்த்தார். "சார், கோர்ட் படி ஏறிட்டு, 'கொஞ்சம் நெனச்சுப் பாருங்க'ன்னு கேட்டுட்டு வர்றதா?" பிறகு நான் சொன்னபடியே எழுதினார்.

பஸ் நிறுத்தம் எனக்கு எதற்கு என்று கேட்டிருந்தாய். அதைப் பற்றிப் பின்னர் விரிவாக எழுதுகிறேன்.

படி எண்ணிக்கை: மறுபடியும் நாற்பத்து மூன்றுதான்.

தம்பி


ஏப்ரல் 8

அன்புத் தம்பிக்கு,

நாங்கள் நலம். டாக்டர் என்னை நடக்கச் சொல்லியிருக்கிறார். நடக்கிறேன்.

"பின்னர் விரிவாக." உன் 'பின்னர்' எனக்குத் தெரியாதா? உனக்கு ஏழு வயது. அப்பா கட்டிலில் தூங்கிக்கொண்டிருக்கிறார். கட்டில் காலுக்கு அடியில் உன் பாதம் மாட்டியிருக்கிறது. நான் உள்ளே வருகிறேன். நீ அழவில்லை, கத்தவில்லை. என்னைப் பார்த்து மெதுவாகக் கேட்கிறாய்: "அக்கா, இந்தக் கட்டில எப்பவாவது நகத்துவாங்களா?"

அன்றைக்கு உனக்கு 'மென்னு' என்று பேர் வைத்தேன். மென்று முழுங்கி என்பதன் சுருக்கம். அறுபத்திரண்டு வருடம் ஆகிறது. மாற்ற வேண்டிய அவசியமே வரவில்லை.

வக்கீலம்மா சொன்னதுதான் சரி. பசித்தவன் "சோறு போடு" என்பான். நீ "அடுப்பில் ஏதோ வேகிற மாதிரி இருக்கிறதே" என்பாய். அது கோர்ட்டுக்கு எப்படிப் புரியும்?

வழக்கு என்ன ஆயிற்று என்று உடனே எழுது. இங்கே சாயங்காலம் நாலு வீட்டுப் பெண்கள் உட்கார்ந்து உன் பஸ் ஸ்டாப்பைப் பற்றித்தான் பேசுகிறோம். டிவி தொடரை விட மெதுவாகப் போகிறது என்று ஒரு குறை.

அக்கா


ஜூன் 2

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். நீ நடப்பதாக எழுதியது சந்தோஷம். மிகையாக நடந்துவிடாதே.

வழக்கில் ஜெயித்துவிட்டோம். அதுதான் கவலை.

சொல்கிறேன். தனி நீதிபதி ஒருவர் விசாரித்தார். விசாரணை இரண்டே நிமிடம். எங்களுக்கு முன்னால் முப்பது வழக்கு, பின்னால் நாற்பது. "என்ன கேக்கறாங்க? புகாரப் பாக்கணும்னா? பாக்கச் சொல்லிடலாம்" என்றார். முடிந்தது. ஒரு வாரம் கழித்து உத்தரவின் நகல் வந்தது. பழக்கதோஷம், பென்சிலை எடுத்துக்கொண்டு படித்தேன். கடைசி வரி இப்படி இருந்தது: "மனுதாரரின் புகாரை எட்டு வாரங்களுக்குள் பரிசீலித்து நிறைவேற்ற வேண்டும்."

நான் கேட்டது ஒரு வினைச்சொல். கிடைத்தது இரண்டு.

வக்கீலம்மாவிடம் காட்டினேன். "நிறைவேத்தவா! சார், லட்டு மாதிரி உத்தரவு" என்று குதித்தார். "இத நாம கேக்கலையே" என்றேன். "கேக்காம கெடச்சா வேண்டாம்னு சொல்லுவீங்களா?" என்றார். யோசித்துப் பார்க்கிறேன் என்றேன்.

யோசிக்க அவகாசம் இல்லை. மெத்தைக்கடைக்காரர் மேல்முறையீடு செய்துவிட்டார். வழக்கில் அவரை யாரும் சேர்க்கவில்லை. ஒரு வார்த்தை கேட்கவும் இல்லை. ஆனால் 'நிறைவேற்ற' என்று வந்துவிட்டால் நிறுத்தம் அவர் கடை வாசலுக்குத்தானே திரும்பும்? அவர் பக்கமும் நியாயம் இருக்கிறது. பஸ்ஸுக்குக் காத்திருப்பவர்கள் அவர் வாசலில் பார்வைக்குப் போட்டிருக்கும் மெத்தையில் உட்காருவார்களாம். ஒருவர் படுத்துத் தூங்கியே போய், மூன்று பஸ்ஸை விட்டுவிட்டு, எழுப்பாததற்காக இவரைத் திட்டினாராம்.

இரண்டு நீதிபதிகள் முன்னால் வருகிறது. 

தம்பி


ஜூன் 10

தம்பிக்கு,

நலம். மாப்பிள்ளைக்கு மட்டும் ஜலதோஷம். ஊரே கேட்கிற மாதிரித் தும்முகிறார்.

கொடுத்ததை வாங்கிக்கொண்டு பேசாமல் இரு. அது நீதிபதி எழுதியது. நீ மெய்ப்புப் பார்க்க வேண்டியதில்லை. பென்சிலை எடுத்து அலமாரியில் வைத்துப் பூட்டு.

வழக்குக் காகிதங்களின் நகலை எனக்கு அனுப்பு. பொழுது போகவில்லை, படிக்கிறேன். நான் கேட்ட முதல் கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை என்பது ஞாபகம் இருக்கட்டும்.

அக்கா


ஜூலை 30

அன்புள்ள அக்காவுக்கு,

உடம்புக்கு ஒன்றுமில்லை. மனசுக்குத்தான். ஏழு வாரமாக எழுதவில்லை, மன்னிக்கவும். என்ன நடந்தது என்று வரிசையாகச் சொல்கிறேன்.

மேல்முறையீடு ஐந்து முறை பட்டியலில் வந்து ஐந்து முறையும் தள்ளிப் போயிற்று. ஐந்து நாளும் நானும் மெத்தைக்கடைக்காரரும் நீதிமன்றத் தாழ்வாரத்தில் ஒரே பெஞ்சின் இரண்டு முனையில் உட்கார்ந்திருந்தோம். முதல் நாள் அவர் என்னை முறைத்தார். இரண்டாம் நாள், "பெஞ்சு ரொம்பக் கட்ட சார், இடுப்பு போயிடும்" என்று ஒரு சிறிய மெத்தையைக் கொண்டுவந்து போட்டார். பாதி எனக்கு. மூன்றாம் நாளிலிருந்து என் கண்ணாடியை வாங்கித்தான் அவர் பேப்பர் படித்தார்.

ஆறாம் முறை வழக்கைக் கூப்பிட்டார்கள். நீதிபதிகளில் மூத்தவர் ஒரு அம்மாள். அவர் பக்கத்தில் இளையவர், பேசாமல் எழுதிக்கொண்டே இருந்தார்.

கடைக்காரரின் வக்கீல் எழுந்தார். "பரிசீலிக்கச் சொல்றது சரிங்க அம்மா. நிறைவேத்துன்னும் சொல்லிட்டா, அப்புறம் ஆபீஸ்ல பரிசீலிக்க என்ன மிச்சம் இருக்கு? எங்கள ஒரு வார்த்த கேக்கவே இல்லையே!"

போக்குவரத்து அலுவலகத்தின் வக்கீல், வருகிற ஒவ்வொரு காகிதத்துக்கும் பதில் சொல்ல வேண்டும் என்று சட்டத்தில் இல்லை என்றார். அதற்கு அந்த அம்மாள், "நிறுத்தத்த மாத்துறதுக்கு முன்னாடி ஆட்சேபம் கேக்கணும்னு உங்க விதியிலயே இருக்கே. கேட்டீங்களா?" என்றார். அவர் தன் கட்டைப் புரட்டினார். இன்னும் புரட்டிக்கொண்டிருக்கிறார் என்று நினைக்கிறேன்.

பிறகு எங்கள் வக்கீலம்மாவிடம் திரும்பினார். "உங்க மனுவுல என்ன கேட்டிருந்தீங்க?"

"அம்மா, நீதியின் நலன் கருதி..." என்று வக்கீலம்மா அழகாகத்தான் ஆரம்பித்தார்.

அக்கா, நான் எப்படி எழுந்தேன் என்று எனக்கே தெரியாது. "பரிசீலிச்சா போதும்னுதாங்க கேட்டேன்" என்று சொல்லிவிட்டேன்.

மன்றம் முழுக்கச் சிரிப்பு. அந்த அம்மாளும் சிரித்துவிட்டார். "கெடச்சத கொறச்சுக்குங்கன்னு சொல்ற கட்சிக்காரர இன்னைக்குத்தான் பாக்கறேன்."

அப்புறம் சிரிப்பை நிறுத்திவிட்டுச் சொன்னதைக் குறித்துக்கொண்டேன். "பரிசீலின்னு ஒரு உத்தரவு போட்டா, ஃபைல் ஒரு மேஜையிலேர்ந்து இன்னொரு மேஜைக்குப் போகுது. கோர்ட்டும் கணக்குல ஒரு வழக்கக் கழிச்சிடுது. கேட்டு வந்தவர் வாசல்லயே நிக்கறார்." அதற்காக அலுவலகம் எடுக்க வேண்டிய முடிவை நீதிமன்றம் எடுத்துக் கொடுக்கவும் முடியாது என்றார். 'நிறைவேற்ற' என்ற சொல் நீக்கப்பட்டது. நகல் கிடைத்த ஆறு வாரத்துக்குள் அலுவலகம் எங்கள் இருவரையும் நேரில் கூப்பிட்டுக் கேட்க வேண்டும். முடிவு எதுவானாலும் காரணத்தை எழுத வேண்டும். "பெறப்பட்டது" என்பது பதில் ஆகாது. இதுதான் உத்தரவு.

நல்ல உத்தரவுதான், பிழையே இல்லை. ஆனால் கையில் இருந்ததை நானே நழுவ விட்டேன். வக்கீலம்மா கட்டைத் தூக்கிக்கொண்டு எனக்கு முன்னாலேயே கிளம்பிவிட்டார். ஜெயித்த மெத்தைக்கடைக்காரர்தான் டீ வாங்கிக் கொடுத்தார். "ஏன் சார் அப்படிச் சொன்னீங்க? ஜெயிச்சும் எனக்கு ஒரு மாதிரியா இருக்கு" என்றார்.

நான் செய்தது சரியா தப்பா என்று தெரியவில்லை. நீ சொல்.

நகல் எடுக்கும் கடை மூடியிருந்ததால் காகிதங்களை அனுப்பவில்லை.

தம்பி


ஆகஸ்ட் 5

மென்னு,

எல்லோரும் நலம்.

நீ செய்தது சரி. முட்டாள்தனமும் கூட. இரண்டும் ஒன்றாக இருக்கலாம். நம் அப்பாவிடம் கண்டிருக்கிறோம்.

நகல் கடை ஏழு வாரமும் மூடியிருந்ததா? காகிதத்தை அனுப்பு.

அக்கா


ஆகஸ்ட் 16

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். நீயும் அப்படியே இருப்பாய் என்று நம்புகிறேன்.

வழக்குக் காகிதங்கள் இத்துடன். மொத்தம் இருபத்திரண்டு பக்கம். ஒன்று முதல் ஆறு வரையுள்ள பத்திகளும், எட்டு முதல் பதினைந்து வரையுள்ள பத்திகளும் முக்கியமானவை. ஏழாவது பத்தியை வக்கீலம்மா வற்புறுத்தியதால் சேர்க்க நேர்ந்தது. அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். படிக்காமலே தாண்டிப் போனாலும் தொடர்ச்சி கெடாது.

அலுவலகத்திலிருந்து அழைப்பு வந்துவிட்டது. செப்டம்பர் பத்தாம் தேதி, காலை பதினொரு மணி.

தம்பி


செப்டம்பர் 6

அன்புத் தம்பிக்கு,

இங்கே எல்லோரும் நலம். மூன்று வாரமாக ஏன் பதில் இல்லை என்று கவலைப்பட்டிருப்பாய். கவலைப்பட்டும் கேட்டு எழுதியிருக்க மாட்டாய். நாலு கடிதம் எழுதி நாலையும் கிழித்தேன். இது ஐந்தாவது.

ஏழாவது பத்தியைப் படிக்காதே என்று எழுதினால், மனுஷி எதை முதலில் படிப்பாள்? அதைத்தான் மகளை விட்டு உரக்க வாசிக்கச் சொன்னேன்.

"மனுதாரருக்கு வயது 69. மனைவி காலமாகிப் பதினொரு ஆண்டுகள் ஆகின்றன. மனுதாரரின் ஒரே தமக்கை, வயது 74, முழங்கால் உபாதை உள்ளவர், மேற்படி நிறுத்தத்தில் இறங்கி மாதம் ஒருமுறை மனுதாரரின் வீட்டுக்கு வந்து மூன்று நாள் தங்குவது வழக்கம். நிறுத்தம் மாற்றப்பட்ட பின் அவர் வரவில்லை. மனுதாரரின் வீட்டில் அன்று முதல் பேச்சுச் சத்தம் இல்லை."

கடைசி வரி வந்ததும் "நீயே படி அம்மா" என்று நீட்டிவிட்டாள். காகிதத்தை வாங்கி நானே படித்தேன். தும்மிக்கொண்டிருந்த மாப்பிள்ளை கூட நிறுத்திவிட்டார்.

அட பாவி! இதை எனக்கு ஒரு வரி எழுதக் கூடாதா? முன்பின் தெரியாத மூன்று நீதிபதிகளுக்குச் சொல்கிறாய், டைப் அடிக்கிறவருக்குச் சொல்கிறாய், மெத்தைக்கடைக்காரரின் வக்கீலுக்குச் சொல்கிறாய். ஊரில் இது தெரியாதவள் நான் ஒருத்திதான்.

இப்போது நான் சொல்லாமல் விட்டதையும் கேட்டுக்கொள். எனக்கு நடக்க முடியாது என்று நான் எப்போதாவது எழுதினேனா? "பாலம் ஏறி நடக்க வேண்டும் போல" என்றுதான் எழுதினேன். "பரவாயில்லை, ஏறி வா" என்று நீ எழுதுவாய் என்று பார்த்தேன். நீ படிக்கட்டை எண்ணி அனுப்பினாய்.

பதினொரு வருடம் நான் அங்கே வந்து போயிருக்கிறேன். ஒருமுறையாவது நீ கூப்பிட்டு வந்தேனா? வாசலிலேயே பஸ் நின்றது. "சும்மா இந்தப் பக்கம் வந்தேன்டா" என்று சொல்லிக்கொண்டு இறங்கிவிடலாம். நீயும் "ம்" என்று பையை வாங்கி உள்ளே வைப்பாய். இரண்டு பேருக்கும் சௌகரியம். இப்போது பாலம் ஏறி, இறங்கி, அறுநூறு அடி நடந்து வந்து, மூச்சு வாங்கிக்கொண்டு உன் வாசலில் நின்று, "சும்மா இந்தப் பக்கம் வந்தேன்" என்று சொன்னால் யார் நம்புவார்கள்? அத்தனை தூரம் நடந்து ஒரு வீட்டுக்குப் போவதென்றால், அங்கே யாராவது வா என்று சொல்லியிருக்க வேண்டும்.

பிப்ரவரியிலிருந்து எங்கள் கட்டடத்து நடைபாதையில் தினமும் எழுநூறு அடி நடக்கிறேன். மொட்டைமாடிக்கு ஐம்பது படி. டாக்டர் சொன்னார் என்று எழுதினேன். டாக்டர் அவ்வளவு சொல்லவில்லை.

அந்த 'வா' ஒரே ஒரு எழுத்து, தம்பி. அதைச் சொல்ல முடியாமல் கோர்ட்டுக்குப் போய், மேல்கோர்ட்டுக்கும் போய், இப்போது ஆபீசுக்கும் போகப் போகிறாய். உலகத்திலேயே இப்படி ஒரு ஆள் நீதான் இருப்பாய். சிரித்துச் சிரித்து எனக்குப் புரையேறிவிட்டது. கண்ணில் தண்ணீர் வந்தது அதனால்தான்.

நீயாக எழுதினால் வருவேன். "யோசிக்கவும்" என்று எழுதினால் யோசித்துக்கொண்டே இங்கே இருப்பேன்.

அக்கா


செப்டம்பர் 11

அக்கா,

உன் கடிதம் ஒன்பதாம் தேதி கிடைத்தது. பத்தாம் தேதி அலுவலகத்துக்குப் போனபோது சட்டைப் பையில் இருந்தது.

மேலாளர் அறை சின்னது. அவர் மேஜையில் என் கோப்பு; அதன்மேல் ஒரு கோப்பை டீ. என்னையும் மெத்தைக்கடைக்காரரையும் எதிரெதிரே உட்கார வைத்தார். வக்கீல்கள் தேவையில்லை என்று சொல்லிவிட்டதால் வக்கீலம்மா வெளியே நின்றார். கதவுக் கண்ணாடி வழியாக எனக்குக் கையால் 'பேசுங்கள், பேசுங்கள்' என்று காட்டிக்கொண்டே இருந்தார்.

கடைக்காரர் தன் மெத்தைக் கதைகளை எல்லாம் சொன்னார். மேலாளர் எழுதிக்கொண்டார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"ஐயா, ரெண்டு கோர்ட்டு ஏறி எறங்கி வந்திருக்கீங்க. பரிசீலிக்கச் சொல்லியிருக்காங்க, பரிசீலிக்கறேன். உங்களுக்கு என்னதான் வேணும்? சுத்தி வளைக்காமச் சொல்லுங்க."

நான் கொண்டுபோன குறிப்புகள் மூன்று பக்கம் இருந்தன. பயணிகள் எண்ணிக்கை, படிகளின் எண்ணிக்கை, வயதானவர்களின் விழுக்காடு. அதைப் பிரித்தேன். மடித்து வைத்தேன்.

"என் அக்கா வரணும்" என்றேன்.

மேலாளர் பேனாவை நிறுத்தினார். "ஸ்டாப் வேணுமா, அக்கா வேணுமா?"

"அக்காதாங்க."

அவர் கோப்பின் மேலிருந்த டீக் கோப்பையை நகர்த்தி வைத்தார். "ஸ்டாப்ப வேணா பரிசீலிக்கலாம் ஐயா. அக்காவ வரவழைக்க எங்க டிபார்ட்மென்டுக்கு அதிகாரம் கெடையாதே!" என்றார்.

முதலில் சிரித்தது மெத்தைக்கடைக்காரர்தான். அப்புறம் மேலாளர். கதவுக்கு வெளியே என்ன நடக்கிறது என்று புரியாமல் வக்கீலம்மாவும் சிரித்தார். நானும் சிரித்தேன் அக்கா. நீண்ட நாளுக்குப் பிறகு சத்தமாக.

வெளியே வந்ததும் கடைக்காரர் என் தோளில் தட்டினார். "இதுக்கா சார் நாம மூணு மாசமா சண்ட போட்டோம்? அவங்கள வரச் சொல்லுங்க. பாலம் எறங்கினதும் என் கடதான். எந்த மெத்தையில வேணா உக்காரட்டும், பிளாஸ்டிக் உறைகூடப் பிரிச்சுத் தர்றேன். ஸ்டாப்ப மட்டும் கேக்காதீங்க." வழக்கை விட்டுக்கொடுக்கவில்லை; நல்ல மனிதர்.

முடிவு பத்து நாளில் எழுத்தில் வருமாம். பழைய இடமா, புது இடமா, இரண்டுக்கும் நடுவிலா, தெரியவில்லை. எதுவானாலும் காரணம் எழுதியிருக்கும்.

அந்த முடிவு வந்தபிறகு உனக்கு எழுதலாம் என்றுதான் நேற்று நினைத்தேன். இன்று காலை எழுந்தபோது, அதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று தோன்றியது.

வீடு ரொம்ப அமைதியாக இருக்கிறது. எனக்குப் பிடிக்கவில்லை. பாலத்துக்கு அந்தப் பக்கம் வந்து நிற்கிறேன், பையை நான் வாங்கிக்கொள்கிறேன்.

அக்கா, வா.

தம்பி


செப்டம்பர் 16

அன்புத் தம்பிக்கு,

நலம். இந்த வியாழக்கிழமை காலை பத்தரை மணி பஸ்.

ஒரு மணி நேரம் முன்னாலேயே வந்து வெயிலில் நிற்காதே. நின்றுகொண்டுதான் இருப்பாய், தெரியும், குடையாவது எடுத்துக்கொள். கையைப் பிடிக்கிறேன் என்று பாலத்தில் என்னை இழுக்காதே, உன்னை விட நான் வேகமாக ஏறுவேன். அந்தக் காணாமல் போன படியை நானும் எண்ணிப் பார்க்கிறேன். நீ ஒரு சமதளத்தைப் படி என்று எண்ணியிருப்பாய். மெத்தைக்கடைக்காரரிடம் உறையைப் பிரிக்க வேண்டாம் என்று சொல். உட்கார்ந்தால் வாங்க வேண்டியிருக்கும்.

மகள், எத்தனை நாள் இருப்பாய் அம்மா என்று கேட்டாள். வழக்கமான மூன்று நாள் இல்லை, மாமாவின் ஆர்டர் வரும்வரை என்று சொல்லியிருக்கிறேன். பத்து நாள் என்று அந்த மேலாளர் சொன்னாராமே. ஆபீஸ் விஷயம், முன்னே பின்னே ஆகும். நீ போய் எப்போது வரும், எப்போது வரும் என்று அவரை அவசரப்படுத்தாதே.

அக்கா